அப்பாயி பார்த்த யானைப் படம்!

போன ஆடி வெள்ளிக்கு எங்க டிஜிட்டல் டெஸ்க்கில் ஒரு மீம் போட்டேன். பழைய அம்மன் படத்து கிராஃபிக்ஸ் காட்சி, கீழே ஒரு கிண்டல் வரி. லைக்ஸ் அள்ளுச்சு!

ஊருக்குப் போனப்போ அதை அப்பாயியிடம் காட்டினேன். பெரம்பலூர் மாவட்டம், சிறுவாச்சூர் பக்கம் எங்க ஊர். அப்பாயி சிரிக்கவே இல்லை. "யானைப் படம் ஒண்ணு வந்துச்சே, பாத்திருக்கியா?" என்று மட்டும் கேட்டார்.

அவர் சொன்னது 1990-ல் வந்த 'ஆடி வெள்ளி'. இயக்கியவர் இராம.நாராயணன்.

காரைக்குடிக்காரர். பாட்டு எழுத சினிமாவுக்கு வந்தவர், 1981-ல் 'சுமை' படம் மூலம் இயக்குநரானார். அதே வருடம் ஏவி.எம்முக்காக விஜயகாந்தை வைத்து 'சிவப்பு மல்லி' எடுத்தார். சிவப்புச் சிந்தனைப் படம் எடுத்தவர், பிறகு சாமிப் பக்கம் திரும்பினார். யானை, பாம்பு, குரங்கு, பேபி ஷாமிலி... இவர்கள்தான் ஸ்டார்கள். பெரிய ஹீரோவின் கால்ஷீட்டுக்குக் காத்திருக்க வேண்டாம், சம்பளமும் கையைக் கடிக்காது. சின்ன பட்ஜெட், சீக்கிரமாக ரிலீஸ். இப்படியே 9 மொழிகளில் 125 படங்களுக்கு மேல்! நடுவில், 1989-ல் காரைக்குடி எம்.எல்.ஏ-வும் ஆனார். மீனா அம்மனாக வந்த 'பாளையத்து அம்மன்' (2000) இன்றும் டி.வி-யில் ஓடுகிறது.

ஸ்பெயினில் ஜெஸ் ஃபிராங்கோ என்று ஒருவர் இருந்தார். கையில் இருக்கும் காசுக்குப் பேய்ப் படம், திகில் படம் என்று 150-க்கும் மேல் எடுத்துத் தள்ளியவர். அவருக்கு 2009-ல் அந்நாட்டின் கௌரவ கோயா விருது கொடுத்தார்கள். டிப்ளமோ படிக்கும்போது அவரைப் பற்றி அசைன்மென்ட் எழுதினேன். பக்கத்து மாவட்டங்களைத் தாண்டினால் வரும் காரைக்குடிக்காரரைப் பற்றி ஒரு வரிகூட எழுதியதில்லை. மீம்தான் போட்டேன்.

2014 ஜூன் 22-ல் சிங்கப்பூரில் இராம.நாராயணன் காலமானார். அவர் தொடங்கிய தேனாண்டாள் நிறுவனம்தான் 2017-ல் விஜய்யின் 'மெர்சல்' படத்தைத் தயாரித்தது.

சரி, அப்பாயி ஏன் சிரிக்கவில்லை?

"எங்க மாமியா சினிமாவுக்குன்னா வாசப்படி தாண்ட விடாது. சாமி படம்னா மட்டும் ஒண்ணும் சொல்லாது. மதுரகாளியம்மன் கோயிலு திங்கக்கெழம, வெள்ளிக்கெழமதான் தொறப்பாங்க. வெள்ளிக்கெழம சாமி கும்பிட்டுட்டு, நாங்க ஏழெட்டுப் பொம்பளைங்க அப்புடியே கொட்டாய்க்குப் போயிருவோம். மணல்ல குந்தி, வாய்விட்டு அழுவோம். அங்க எங்கள யாரும் ஏன்னு கேக்க முடியாதுல்ல?"

யானை என்ன செய்தது, கதை எப்படி முடிந்தது என்பதெல்லாம் அவருக்கு ஞாபகமில்லை. கூடப் போனவர்களின் பெயர்களை மட்டும் விரல்விட்டு எண்ணினார். அதில் மூன்று பேர் இப்போது இல்லை.

மீமை டெலிட் செய்துவிட்டேன். இந்த ஆடியில் அப்பாயிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து, அந்த யானைப் படத்தை என் போனில் முழுசாகப் பார்க்கப் போகிறேன்.

உங்க வீட்டு அப்பாயி, அம்மாயி கொட்டகையில் பார்த்த சாமி படம் எது? கேட்டுப் பாருங்க!