முப்பது நாள் கடந்தால் முறையீடு செத்ததா?

வங்கி வாசலிலும் பணம் ஏற்றிச் செல்லும் வேனிலும் துப்பாக்கியோடு நிற்கும் காவலாளியைத் தினமும் பார்க்கிறோம். அந்தத் துப்பாக்கி பல வேளைகளில் கம்பெனியுடையது அன்று; அவருடைய சொந்தப் பெயரில் லைசென்ஸ் பெற்றது. படையிலிருந்து ஓய்வு பெற்று ஆஸ்டின் டவுனிலும் நீலசந்திராவிலும் வாடகைக்குக் குடியிருக்கும் நம்மவருக்கு அது பெருமைப் பொருள் அல்ல. தச்சனுக்கு உளி போல, பிழைப்புக் கருவி. லைசென்ஸைப் புதுப்பிக்க மறுத்தால் துப்பாக்கி மட்டுமா போகிறது? வேலையும் போகிறது, வீட்டில் அடுப்பும் அணைகிறது.

மறுப்பு ஆணையை எதிர்த்து முறையிட 1959ஆம் ஆண்டு ஆயுதச் சட்டத்தின் 18ஆம் பிரிவு உரிமை தருகிறது. அரசே பிறப்பித்த, அல்லது அரசின் கட்டளைப்படி பிறந்த ஆணைக்கு மட்டும் இந்த வழி இல்லை. விதிகள் தரும் அவகாசம் 30 நாள்.

நிலையான விலாசமும் பழக்கமான வக்கீலும் உள்ளவர்களுக்கு 30 நாள் போதும். நமக்கு? 2019ஆம் ஆண்டுத் திருத்தத்துக்குப் பின் லைசென்ஸின் ஆயுள் 3 ஆண்டிலிருந்து 5 ஆண்டாயிற்று. 5 ஆண்டுக் காலம் ஒரே வீட்டில் இருந்தவர் நம்மில் எத்தனை பேர்? வாடகை ஏறினால் மூட்டை கட்டுகிறோம். 2013 ஜனவரியில் பக்கத்து ஈஜிபுராவில் ஏழைகளின் குடியிருப்பை இடித்தபோது ஆயிரத்துக்கும் மேற்பட்ட குடும்பங்கள் தெருவுக்கு வந்தன. இடிந்த வீட்டின் விலாசத்துக்கு வரும் சர்க்கார் தபாலை யார் கையெழுத்திட்டு வாங்குவது? கைக்கு வந்தாலும், கன்னடத்திலோ ஆங்கிலத்திலோ உள்ள ஆணையைப் படித்துச் சொல்ல ஆள் தேட வேண்டும். அதற்குள் கெடு முடிந்துவிடுகிறது. “லேட்டாகிவிட்டது, போ” என்று யாராவது சொன்னால் நம்மவர் தலைகுனிந்து திரும்பிவிடுகிறார்.

திரும்ப வேண்டியதில்லை என்கிறோம். தாமதத்துக்குப் போதிய காரணம் இருந்ததென மேல்முறையீட்டு அதிகாரிக்குத் திருப்தி ஏற்படும்படி காட்டினால், கெடு கடந்த முறையீட்டையும் ஏற்கலாம் என்று அதே 18ஆம் பிரிவு சொல்கிறது. காஷ்மீரத்து அனந்தநாக் நிலமெடுப்பு வழக்கில் 1987இல் உச்ச நீதிமன்றம், தாமதத்தைக் காட்டித் தகுதியுள்ள வழக்கை வாசலிலேயே கொன்றுவிடக் கூடாது என்றது. அந்த வழக்கில் 4 நாள் தாமதமாக வந்தவர் யார் தெரியுமா? அரசாங்கம்தான்! இத்தனை இலாகாக்களும் குமாஸ்தாக்களும் கொண்ட அரசுக்குக் காட்டிய பரிவு, இரவு ஷிப்ட் முடித்து வரும் காவலாளிக்குக் கிடையாதா?

ஆனால் பரிவு தானாக வராது. காரணத்தைச் சொன்னால் போதாது, காட்டவும் வேண்டும். ஆணை வந்த கவரை எறியாதீர்கள். அதில் தபால் முத்திரைத் தேதி இருக்கிறது. வீடு மாறிய ஒப்பந்தம், ஆஸ்பத்திரிச் சீட்டு, ஊர் போன டிக்கெட் எல்லாம் சாட்சிகளே. மறுப்புக்கான காரணத்தை எழுத்தில் கேளுங்கள். பொதுநலன் கருதி மறைத்தால் ஒழிய அதைத் தர வேண்டும். போதிய சொத்து இல்லை என்ற ஒரே காரணத்துக்காக மறுக்கக் கூடாது என்கிறது 14ஆம் பிரிவு. முறையிட்டவருக்குப் பேச வாய்ப்புத் தராமல் முறையீட்டைத் தீர்க்கவும் கூடாது.

இன்னொன்றையும் கண்டிப்பாகச் சொல்கிறோம். முறையீடு போட்டுவிட்டோம் என்று துப்பாக்கியை வீட்டில் வைத்திருக்காதீர்கள். மேலதிகாரி வேறு உத்தரவு தரும்வரை மறுப்பு ஆணையே செல்லும். காலதாமதமின்றிப் போலீஸ் நிலையத்திலோ லைசென்ஸ் உள்ள ஆயுத வியாபாரியிடமோ ஒப்படைத்து ரசீது வாங்குங்கள். தவறினால் நியாயம் கேட்கப் போனவர் சிறைக்குப் போக நேரிடும்.

தகுதியற்றவர் கையிலும் துப்பாக்கி கொடு என்று நாம் கேட்கவில்லை. பொது அமைதி நமக்கும் வேண்டும். நம் பிள்ளைகளும் இதே தெருவில்தான் விளையாடுகிறார்கள். நாம் கேட்பது இவ்வளவே: யாரிடம், எந்தத் தேதிக்குள் முறையிடலாம் என்பதை ஒவ்வொரு மறுப்பு ஆணையிலும் தெளிவாக எழுதுங்கள். அந்த ஆணை இன்றைய விலாசத்துக்கு வந்து சேர்ந்ததை உறுதி செய்யுங்கள். தாமதமாக வந்தவனிடம் முதலில் ஏன் என்று கேளுங்கள்.

உழைப்பவன் தாமதமாக வந்தால் அவன் வந்த தூரத்தையும் சேர்த்துப் பார்ப்பதுதான் நீதி. கதவு இன்னும் அடைபடவில்லை. தட்டுங்கள், தோழர்களே!