தனி அறையும் தெருவிளக்கும்

பெண்ணின் சம்பாத்தியத்தை வரவேற்கும் நகரம், அவள் தனியே வசிப்பதை மட்டும் சகிப்பதில்லை. புதுவை ரெட்டியார்பாளையத்தில் அறை தேடிவரும் இளம் பெண்ணிடம், வாடகையைப் பேசுமுன் "கூட யார் இருப்பார்கள்?" என்று கேட்கிறார்கள். யாருமில்லையென்றால் கதவு பாதி சாத்தப்படுகிறது.

முன்னாளில் நகருக்கு வெளியே கிராமமாயிருந்த ரெட்டியார்பாளையம், இன்று உழவர்கரை நகராட்சியில் வீடுகள் நெருங்கிய பகுதி. கடைகளிலும் ஆஸ்பத்திரிகளிலும் காரியாலயங்களிலும் உழைக்கும் பெண்கள் காலையில் இங்கிருந்து பஸ் ஏறுகிறார்கள். பகலெல்லாம் நூறு பேரிடம் பேசி, இரவில் ஒருவரிடமும் பேசாமல் உறங்குவோர் அவர்களில் உண்டு.

தனிமை யாவும் துன்பமென்று நாம் கூறவில்லை. கூட்டுக் குடும்பத்தில் ஒரு மூலைகூடத் தன்னதென்று இல்லாதிருந்தவளுக்கு, தன் கையால் பூட்டித் திறக்கும் அறை சுயராஜ்யமே. (ஆடவருக்கு இது எளிதில் விளங்காது.) விரும்பாமலே வந்து கவியும் தனிமைதான் வேறு. உலகில் ஆறு பேரில் ஒருவர் அதனால் வாடுவதாகவும், வருஷந்தோறும் சுமார் 8,71,000 மரணங்களுக்கு அது தொடர்புடையதாகவும் உலக சுகாதார ஸ்தாபனம் 2025-ல் அறிவித்தது. பிரிட்டன் 2018-லும், ஜப்பான் 2021-லும் இதற்கென மந்திரியையே நியமித்தன.

நம்மவர் கண்ட மருந்தோ, பெண்ணை ஊருக்குத் திருப்பி அனுப்புவது! காவல் வேறு, துணை வேறு. வாசலில் நின்று நேரம் பார்க்கும் வீட்டுக்காரர் காவல். காய்ச்சலென்று அறிந்து கஞ்சி கொண்டுவரும் அடுத்த வீட்டு அம்மாள் துணை. முன்னதற்கு நம் நகரங்களில் பஞ்சமில்லை.

உழைக்கும் மாதர் விடுதிகளுக்கு மத்திய சர்க்கார் 1972-73 முதல் உதவியளித்து வந்தது. தமிழகத்தில் 'தோழி' விடுதிகள் எழுந்தன. 2025 நவம்பர் 21-ல் அமுலுக்கு வந்த தொழிற் சட்டங்கள், பெண்ணின் சம்மதமும் பாதுகாப்பும் இருந்தால் இரவு வேலையும் செய்யலாமென்கின்றன. நல்லது. அவள் திரும்பிவரும் தெருவில் விளக்கு எரியாவிட்டால் யாரிடம் முறையிடுவாள்? புதுவையில் 2006-ல் உள்ளாட்சித் தேர்தல் நடந்தது. அங்கத்தினர் பதவிக் காலம் 2011-ல் முடிந்தபின், பத்தாண்டுகளுக்கு மேல் தேர்தலின்றியே கழித்தார்கள். வார்டு அங்கத்தினர் இல்லாத ஊரில், உற்றார் உள்ளவனுக்கு ஏதோ ஒரு சிபாரிசு கிடைக்கும். தனியே வசிப்பவளுக்கு அதுவும் கிடையாது.

ஸ்தல சுயாட்சிக்காகப் போராடும் தொண்டர்கள் இவர்களை மறந்துவிட்டார்கள். பிறந்த ஊர்ப் பட்டியலில் பெயருள்ள பெண்ணுக்கு இங்கே வோட்டில்லை. பெண் தொண்டர்களைக் கொண்டு இவர்கள் பெயரை இங்கே பதியச் செய்வது முதல் வேலை. வேலை முடிந்து வரும் பெண்கள் அமர்ந்து படிக்கவும் பேசவும், இரவு ஒன்பது மணிவரை திறந்திருக்கும் வாசகசாலை ஒன்றை ரெட்டியார்பாளையத்தில் நடத்துவது அடுத்தது. இதற்குச் சர்க்கார் உத்தரவை எதிர்பார்க்க வேண்டியதில்லை.