கிழிக்கக் கூடாத பக்கம்

வென்றவன் கதையை ஊர் பேசும். தோற்றவன் கதையைத் தோற்றவனே மறைப்பான். இது உலக வழக்கம். ஆனால் தோற்பதைவிடத் தோல்வியை மறைப்பதே பெரிய இழப்பு என்பது என் கருத்து. இதற்குச் சான்றாகச் சீன நாட்டில் ஒரு திரைப்படத்துக்கு நேர்ந்த கதியை எடுத்துக்கொள்கிறேன்.

2018 ஆம் ஆண்டு ஜூலை 13 ஆம் நாள், வெள்ளிக்கிழமை, 'அசுரா' என்ற படம் சீனத் திரையரங்குகளில் வெளியாயிற்று. பெயர் நமக்குப் பழகியதாக இருப்பதில் வியப்பில்லை. அசுரர் என்ற சொல் பௌத்த சமயத்தோடு இந்தியாவிலிருந்து அங்கே சென்றதுதான். மூன்று தலைகள் கொண்ட அசுர வேந்தன், அவன் தேவருலகைக் கவர நினைத்தல், இழந்த தலை மண்ணுலகில் ஓர் இடையச் சிறுவனாகப் பிறத்தல் என்று கதை போகிறது. செலவு 75 கோடி யுவான். அன்றைய மதிப்பில் 750 கோடி ரூபாய்க்கும் மேல்! ஆறாண்டு உழைப்பு. டோனி லியுங் கா-ஃபாய், கரீனா லாவ் போன்ற பெரிய நடிகர்கள். ஆஸ்கார் பரிசு பெற்ற நைலா டிக்சனின் ஆடை வடிவமைப்பு. மூன்று பாகங்களாக எடுக்கத் திட்டம்.

விளைவு என்ன? முதல் மூன்று நாள் வசூல் 5 கோடி யுவானைக்கூடத் தொடவில்லை. போட்ட பணத்தில் நூற்றுக்கு ஏழு பங்குகூடத் தேறவில்லை. ஞாயிற்றுக்கிழமை இரவே படத்தைத் திரையரங்குகளிலிருந்து எடுத்துவிட்டார்கள்.

தோற்றது குற்றமன்று. அதன்பின் பேசிய பேச்சுத்தான் என்னை உறுத்துகிறது. டிக்கெட் விற்கும் ஓர் இணையதளத்தில் கூலிக்கு ஆள் வைத்துக் குறைந்த மதிப்பெண் போட வைத்தார்கள் என்று தயாரிப்பாளர்கள் குற்றம் சாட்டினர். அந்தத் தளத்தில் படத்துக்குக் கிடைத்தது பத்துக்கு 4.9. இன்னொரு தளத்திலோ 8.4. அந்த இரண்டாவது தளம் யாருடையது? படத்தில் பணம் போட்ட அலிபாபா குழுமத்துடையது! தன் விடைத்தாளைத் தானே திருத்திக்கொண்டால் மதிப்பெண் குறையுமா, நண்பர்களே?

கூலிக்கு மதிப்பெண் போட்டது உண்மையாகவே இருக்கட்டும். அப்போதும் நான்காம் நாள் வரவிருந்த பார்வையாளன்தானே நல்ல நடுவன்? அவனை வாசலிலேயே திருப்பி அனுப்பியது என்ன நியாயம்? நட்டத்தை நிறுத்துவது வணிக முறை என்பார்கள். ஒப்புக்கொள்கிறேன். ஆனால் "எங்கள் கணக்குத் தவறிவிட்டது" என்று சொல்லி நிறுத்துவது வேறு. "எங்களைக் கெடுத்துவிட்டார்கள்" என்று சொல்லி நிறுத்துவது வேறு.

இயக்குநர் புதியவர், அதனால் தோற்றது என்பது ஒரு சமாதானம். அதே ஜூலை மாதம் 5 ஆம் நாள் வெளியாகி, 300 கோடி யுவானுக்கு மேல் ஈட்டிய 'டையிங் டு சர்வைவ்' படத்தின் இயக்குநரும் முழுநீளப் படத்துக்குப் புதியவரே. இந்தியாவிலிருந்து மலிவு விலையில் புற்றுநோய் மருந்து கொண்டு வருவோரின் கதை அது. புராணக் கதை எடுபடாது என்பது இன்னொரு சமாதானம். மறு ஆண்டே, புராணக் கதையை வைத்து எடுத்த 'நேஜா' என்ற கார்ட்டூன் படம் 500 கோடி யுவானை எட்டியது. அப்படியானால் பிழை படத்துக்குள்ளேதான் எங்கோ இருந்திருக்க வேண்டும். அதைத் தேட வேண்டிய நேரத்தில் வெளியே விரல் நீட்டினார்கள்.

இதைச் சொல்ல எனக்கு என்ன தகுதி? அவர்கள் செய்ததையே நானும் செய்திருக்கிறேன், அதுவே தகுதி.

முதலாண்டில் ஆய்வகத்தில் டைட்ரேஷன் செய்தபோது எல்லாருக்கும் 19 மில்லிலிட்டரை ஒட்டி வந்தது. எனக்கு மட்டும் 21. நோட்டில் அந்தப் பக்கத்தைக் கிழித்துவிட்டுப் பக்கத்து நண்பனின் எண்ணை எழுதிக்கொண்டேன். செய்முறைத் தேர்விலும் அதே போல மிகுதியாக வந்தது; மதிப்பெண் போயிற்று. எங்கள் வீட்டில் கல்லூரிப் படி ஏறிய முதல் ஆள் நான். "திருத்த வந்தவர் சரியில்லை" என்று அப்பாவிடம் சொன்னேன். அவர் உடனே நம்பினார். நான் சொன்னது சரியா என்று பார்க்க வீட்டில் வேறு யார் இருக்கிறார்கள்? அவர் நம்பியதுதான் இன்றுவரை எனக்கு வலிக்கிறது.

பிறகு என் பேராசிரியர் ஒரே கேள்வியில் காரணத்தைக் கண்டுபிடித்தார். "கூம்புக் குடுவையை எதால் கழுவினாய்?" நான் கரைசலாலேயே கழுவியிருந்தேன். தண்ணீரால் மட்டுமே கழுவ வேண்டும். இல்லையென்றால் ஒட்டிய கரைசலும் சேர்ந்து அளவு கூடிவிடும். "அந்த 21 ஐ அன்றைக்கே காட்டியிருந்தால் அன்றைக்கே சொல்லியிருப்பேனே" என்றார். கிழித்த பக்கத்தில்தான் என் பாடம் இருந்தது.

மாணவ நண்பர்களே! நம்மில் பலர் வீட்டில் முதல் பட்டதாரிகள். நம் தோல்விக்கு நாம் சொல்லும் காரணத்தை வீடு அப்படியே நம்பும். அதனாலேயே நாம் உண்மையைச் சொல்லக் கடமைப்பட்டவர்கள். 75 கோடி யுவான் போட்டவர்களாலும் தோல்வியிலிருந்து தப்ப முடியவில்லை. நம்மாலும் முடியாது. தோற்போம், ஆனால் அந்தப் பக்கத்தைக் கிழிக்காதிருப்போம்!

— இரண்டாம் ஆண்டு, இளம் அறிவியல் (வேதியியல்)