மல்லிப்பூ ஆஃப்டர்ஷேவும் ஒரு பி.காம் மாணவனின் கணக்கும்

முதலிலேயே சொல்லிவிடுகிறேன் மக்களே, நான் இயற்கைக்கு எதிரி இல்லை. எங்கள் வீட்டில் இன்னும் வெள்ளிக்கிழமை சீயக்காய்தான். வேப்பிலை, மஞ்சள், கற்றாழை எதன் மேலும் எனக்குப் பகை கிடையாது. என் சண்டையெல்லாம் "கெமிக்கல் இல்லாத மதுரை மல்லி ஆஃப்டர்ஷேவ், வீட்டிலேயே செய்யலாம்" என்று கொஞ்ச நாளாக வாட்ஸ்அப் குரூப் குரூப்பாகச் சுற்றிக்கொண்டிருக்கும் செய்முறையோடுதான்.

பார்க்காதவர்களுக்காக ஒரு சுருக்கம். கால் கிலோ மல்லிப்பூ, ஒரு பாட்டில் ஸ்பிரிட் (கிடைக்கலேன்னா வோட்கா!), ரெண்டு எலுமிச்சம்பழச் சாறு, பட்டை, கிராம்பு, ஒரு மடல் கற்றாழை, மேலே பத்து சொட்டு "மல்லிகை எண்ணெய்". மூன்று நாள் ஊறவைத்து வடிகட்டினால் ஆஃப்டர்ஷேவ் ரெடியாம். பக்கவிளைவும் இல்லை, செலவும் இல்லையாம்.

வாசித்துவிட்டுச் சிரித்துக்கொண்டு போயிருப்பேன். ஆனால் நம்ம கிளாஸ் பசங்க நாலு பேர் இதைப் பாட்டிலில் அடைத்து, அடுத்த மாதம் கல்லூரி பஜாரில் 150 ரூபாய்க்கு விற்பதாகத் திட்டம். என்னையும் பார்ட்னராகக் கூப்பிட்டார்கள், மாட்டேன் என்றேன். "நீ எப்பவுமே நெகட்டிவ்டா" என்றார்கள். ஆகவே பாசிட்டிவாகக் கணக்குப் போட்டே காட்டிவிடுகிறேன்.

முதலில் அந்த மல்லிகை எண்ணெய். ஆன்லைனில் 10 மில்லி பாட்டில் நூறு, நூற்றைம்பதுக்குக் கிடைக்கிறது. லேபிளில் "100 சதவீதம் இயற்கை" என்று இருக்கும், கூடவே ஒரு பூப்படம். காஸ்டிங் படிக்கிற நாம் கேட்கவேண்டிய முதல் கேள்வி, மூலப்பொருள் என்ன விலை என்பது.

மல்லியின் வாசனையை எடுக்க ரோஜாவைப்போல ஆவியில் காய்ச்சினால் வேலைக்கு ஆகாது. சூட்டில் வாசனை கெட்டுவிடும், கிடைப்பதும் சொற்பம். அதனால் நிலக்கோட்டை, சத்தியமங்கலம் பக்கமுள்ள வாசனை ஆலைகளில் ஹெக்சேன் என்ற பெட்ரோலியக் கரைப்பானில் பூவைக் கழுவி, கரைப்பானை ஆவியாக்கி, மெழுகு மாதிரி ஒன்றை எடுக்கிறார்கள். அதன் பெயர் கான்கிரீட். (ஆமா, சிமெண்ட் கான்கிரீட் ஸ்பெல்லிங்தான்.) அதை மறுபடி ஆல்கஹாலில் கரைத்து மெழுகைப் பிரித்தால் வருவது அப்சல்யூட். ஒரு கிலோ அப்சல்யூட்டுக்கு ஆயிரம் கிலோ அளவுக்குப் பூ வேண்டும்.

சரி, என் வாதத்துக்குப் பாதகமாகவே கணக்கு வைப்போம். 500 கிலோ பூ போதும் என்று வையுங்கள். பூ விலையும் முகூர்த்த நாள் விலை வேண்டாம், அன்றைக்கு மாட்டுத்தாவணி பூ மார்க்கெட்டில் கிலோ 2000, 3000 என்று எகிறும். வரத்து கொட்டி, விவசாயி தலையில் கைவைத்து உட்காரும் நாளின் விலை, கிலோ 200 என்று வையுங்கள். 500 தடவை 200, ஒரு லட்சம். ஒரு கிலோவுக்கு பூச்செலவு மட்டும் ஒரு லட்சம் என்றால் 10 கிராமுக்கு ஆயிரம் ரூபாய். கரைப்பான், கரண்டு, கூலி, பாட்டில், கூரியர், லாபம் எதையும் நான் இன்னும் சேர்க்கவே இல்லை.

ஆயிரம் ரூபாய்ப் பூவை எவன் 150 ரூபாய்க்குத் தருவான்? பதில் சுலபம். உள்ளே மல்லி இல்லை. பென்சைல் அசிடேட் மாதிரி ஆலையில் செய்த வாசனைப் பொருள்களை ஏதாவது எண்ணெயில் கலந்தது இருக்கும். அது விஷம் என்று நான் சொல்லவில்லை. நிஜ மல்லியிலும் பென்சைல் அசிடேட் இருக்கிறது, லினலூல் இருக்கிறது, இண்டோல் இருக்கிறது. பூவே ஒரு கெமிக்கல் மூட்டைதான் சாமி. என் கோபம் வேறு. மதுரை மல்லிக்கு 2013ல் புவிசார் குறியீடு கிடைத்தது. உசிலம்பட்டி, திருமங்கலம் பக்கம் விடிவதற்கு முன்னாடியே தலையில் லைட்டைக் கட்டிக்கொண்டு மொட்டுப் பறிக்கிற ஜனங்களின் உழைப்புக்குக் கிடைத்த பெயர் அது. அந்தப் பெயரை, ஒரு மொட்டுகூட உள்ளே போகாத பாட்டிலில் ஒட்டி விற்பதற்குப் பெயர் இயற்கை விவசாய ஆதரவா?

அடுத்து, "எண்ணெய் வேண்டாம், நாங்க நிஜப் பூவையே ஊறவைக்கிறோம்" என்பார்கள். ஊறவையுங்கள். ஆனால் மல்லியைப் பற்றி நம் வீட்டு அம்மாக்களுக்குத் தெரிந்தது உங்களுக்குத் தெரியவில்லையே. காலையில் வாங்கும் மொட்டில் என்ன வாசனை இருக்கிறது? சாயங்காலம் மலரும்போதுதான் அது வாசனையை உண்டாக்கி வெளியே விடும், ராத்திரி முழுக்க விட்டுக்கொண்டே இருக்கும். ஆலைக்காரர்கள்கூட மொட்டை வாங்கி, பரப்பிவைத்து, மலரும்வரை காத்திருக்கிறார்கள். நீங்கள் காலை ஏழு மணிக்கு வாங்கின மொட்டை எட்டு மணிக்கு ஸ்பிரிட்டில் போட்டால், வாசனை பிறப்பதற்கு முன்பே பூவைக் கொன்றுவிட்டீர்கள். மூன்று நாள் கழித்து வடிகட்டினால் வருவது பழுப்பு நிறத் தண்ணி, வேகவைத்த கீரை வாடை.

நம் நாட்டில் இதைப் பழைய ஆட்கள் வேறு மாதிரி செய்தார்கள். எள்ளையும் மலர்ந்த பூவையும் மாற்றி மாற்றி அடுக்கி, வாடின பூவை எடுத்துவிட்டுப் புதுப்பூ போட்டு, கடைசியில் எள்ளைச் செக்கில் ஆட்டினார்கள். உத்தரப் பிரதேசத்தில் சமேலி எண்ணெய் என்று பேர்பெற்றது அப்படி வந்ததுதான். மல்லி தன் வாசனையைக் கொழுப்புக்குக் கொடுக்கும், தண்ணிக்குக் கொடுக்காது. அந்தப் பொறுமை மூன்று நாள் செய்முறைக்காரர்களிடம் கிடையாது.

ஸ்பிரிட் விஷயத்தில் ஜோக் வேண்டாம். 2024 ஜூனில் கள்ளக்குறிச்சி கருணாபுரத்தில் மெத்தனால் கலந்த சாராயத்துக்கு அறுபது பேருக்கு மேல் செத்தார்கள். ஒரு கேனில் இருப்பது எத்தனாலா மெத்தனாலா என்று பார்த்தோ மோந்தோ சொல்ல முடியாது என்பதுதான் அந்தச் சாவுகளின் பாடம். மெத்தனால் குடித்தால் மட்டுமல்ல, தோல் வழியாகவும் உள்ளே போகும். சவரம் செய்த தோலோ கண்ணுக்குத் தெரியாத நூறு கீறல். "தெரிஞ்ச அண்ணன் ஒருத்தர் பெயிண்ட் கடையில வாங்கித் தரேன்னாரு" என்று நம்மாளு ஒருத்தன் சொன்னபோது எனக்கு நிஜமாகவே வயிறு கலங்கியது. போதாததற்கு, ஸ்பிரிட்டை அனுமதியில்லாமல் வாங்கிக் குவித்தால் 1937ஆம் வருட மதுவிலக்குச் சட்டம் வந்து நிற்கும். முகத்துக்குப் போடும் சரக்கைத் தயாரித்து விற்க 2020ஆம் வருட அழகுசாதன விதிகளின்படி உற்பத்தி உரிமம் வேறு வேண்டும். பிசினஸ் லா பேப்பரில் இதையெல்லாம் படித்து மார்க் வாங்கிவிட்டு பஜாரில் மறந்துவிடுவது என்ன நியாயம்?

வோட்கா ஆலோசனைக்குப் பதிலே தேவையில்லை. டாஸ்மாக்கில் காசு கொடுத்து வாங்கி அதைக் கன்னத்தில் தேய்க்கிறவன் இந்த மதுரையில் இன்னும் பிறக்கவில்லை :-)

எலுமிச்சைக்கு வருகிறேன், ஏனென்றால் இதில் அடி வாங்கியவனை எனக்குத் தெரியும். ஹாஸ்டல் நண்பன். சவரம் செய்துவிட்டு எலுமிச்சம்பழத்தைத் தோலோடு கன்னத்தில் தேய்த்துக்கொண்டு, ஏப்ரல் வெயிலில் பைக்கில் ஊருக்குப் போனான். மறுநாள் கன்னம் சிவந்தது, அதற்கு அடுத்த நாள் கொப்புளம். ஆறினபிறகு பழுப்புத் திட்டு, அது போக மாதக்கணக்கு ஆனது. அலர்ஜி என்றுதான் எல்லாரும் நினைத்தோம். தோல் டாக்டர் பார்த்த உடனே "எலுமிச்சை போட்டியா?" என்று கேட்டாராம். எலுமிச்சைத் தோலில் இருக்கும் சில பொருள்கள் வெயிலின் புற ஊதாக் கதிரோடு சேர்ந்து தோலைச் சுட்டுவிடும். முழுக்க முழுக்க இயற்கையான தீக்காயம்! பட்டையும் கிராம்பும் இதற்குச் சளைத்தவை அல்ல. ஐரோப்பிய ஒன்றியம் 2003ல் "இவை இருந்தால் லேபிளில் பெயரைப் போடு" என்று 26 வாசனைப் பொருள்களைப் பட்டியல் போட்டது. அதில் கிராம்பின் யூஜினாலும் பட்டையின் சின்னமால்டிஹைடும் இருக்கின்றன. கற்றாழை நல்லதுதான், ஆனால் வெட்டினதும் வடியும் மஞ்சள் பாலை ஒழுகவிட்டு, கழுவி, சோற்றை மட்டும் அப்போதைக்கு அப்போது எடுக்க வேண்டும். பாட்டிலில் அடைத்து ஒரு மாதம் வைக்கிற சமாச்சாரம் இல்லை அது.

"அப்போ கம்பெனி பாட்டில்தான் உசத்தியா, எவ்வளவு காசு வாங்கினே?" என்று கேட்கப் போகிறவர்களுக்கு: இல்லை. கடையில் விற்கும் ஸ்பிளாஷ் பாட்டிலில் பெரும்பாலும் ஆல்கஹால், தண்ணி, சென்ட், கொஞ்சம் குளிர்ச்சிக்கு மெந்தால். அவ்வளவுதான் வித்தை. எரிந்தால்தான் கிருமி சாகிறது என்று நம் அப்பாக்கள் காலத்திலிருந்து ஒரு நம்பிக்கை. நம் தோலில் சூட்டை உணரும் நரம்புமுனை 42 டிகிரி வாக்கில்தான் "சுடுது" என்று கத்தும். ஆல்கஹால் பட்டால் அந்த எல்லை 34 வாக்குக்கு இறங்கிவிடுகிறது. அதாவது உங்கள் உடம்பின் சொந்தச் சூடே உங்களைச் சுடுகிறது. எரிச்சல் என்பது அதுதான், கிருமியின் மரண ஓலம் இல்லை. 2017 ஜூலையில் ஜி.எஸ்.டி வந்தபோது ஆஃப்டர்ஷேவுக்கு 28 சதவீதம் போட்டார்கள், அதே நவம்பரில் 18 ஆக்கினார்கள், 2025 செப்டம்பர் 22லிருந்து ஆஃப்டர்ஷேவ் லோஷனுக்கு 5. வரி குறைந்தது என்பதற்காகத் தேவையில்லாததை வாங்க வேண்டும் என்று ஒன்றும் இல்லையே.

சரி, என்னதான் செய்வது? மதுரையில் எந்த சலூனுக்கு வேண்டுமானாலும் போய்ப் பாருங்கள். அண்ணன் சவரம் முடித்ததும் தண்ணியை அடித்து, ஒரு வெள்ளைக் கல்லை எடுத்து முகத்தில் தேய்ப்பார். படிகாரம். நாட்டு மருந்துக் கடையில் பத்து இருபது ரூபாய்க்குத் தருவார்கள், ஒரு வருடத்துக்குத் தேயாது. தோலில் உள்ள புரதத்தை இறுக்கிச் சின்னக் கீறல்களில் ரத்தத்தை நிறுத்தும். ஈரமுகத்தில் லேசாகத் தேய்த்து, அரை நிமிடம் விட்டு, பச்சைத் தண்ணியில் கழுவினால் வேலை முடிந்தது. தோல் வறண்டால் ரெண்டு சொட்டு தேங்காய் எண்ணெய். இதில் வேடிக்கை, படிகாரம் ஒரு சுத்தமான கெமிக்கல், பொட்டாசியம் அலுமினியம் சல்பேட். "கெமிக்கல் இல்லாத" கோஷ்டிக்கு இதை யாரும் சொல்லவில்லை போலிருக்கிறது!

வாசனை வேண்டும் என்றால் வெட்டிவேர் இருக்கிறது. மல்லி மாதிரி பிகு பண்ணாது. ஒரு பிடி வேரை மண் போக அலசி, கொதித்து ஆறின தண்ணியில் ராத்திரி போட்டுவைத்தால் காலையில் வாசனை இறங்கியிருக்கும். அன்றன்றைக்குச் செய்து அன்றன்றைக்கே தீர்க்கவேண்டும், மிச்சத்தைக் கீழே ஊற்றிவிடவேண்டும். இதில் ஆல்கஹாலும் இல்லை, அதைத் தாங்கிப் பிடிக்கும் வேறு பாதுகாப்புப் பொருளும் இல்லை. வேகமாகக் கெடும், அதனால்தான் பாட்டிலில் போட்டு விற்க முடியாது. விற்க முடியாது என்பதால்தான் இதற்கு யாரும் விளம்பரம் செய்வதும் இல்லை.

டிஸ்கி: சலூன் கல்லைப் புகழ்ந்தேன் என்பதற்காக அதையே தேய்த்துக்கொள்ளாதீர்கள். உங்களுக்கு முன்னாடி பத்துப் பேர் ரத்தத்தில் பட்ட கல் அது. ஹெபடைட்டிஸ் பி வைரஸ் உடம்புக்கு வெளியே ஒரு வாரம்கூட உயிரோடு இருக்கும். சொந்தக் கல்லைச் சட்டைப்பையில் கொண்டுபோய் "அண்ணே, இதைப் போடுங்க" என்று சொல்லுங்கள். அவர் ஒன்றும் கோவித்துக்கொள்ள மாட்டார். பிளேடையும் கண் முன்னாடி புதுசாக உடைத்துப் போடச் சொல்லுங்கள்.