களவு மென்பொருளும் நமது இளம் படவரைஞர்களும்

வீட்டுப் படம் வரையும் சிறு அலுவலகங்கள் நமது ஊர்களில் பெருகிவிட்டன. அவற்றில் பலவற்றில் ஓடுவது "கிராக்" செய்யப்பட்ட ஓட்டோகேட்தான். இது பற்றிப் பேசினால், "எல்லோரும்தானே பாவிக்கிறார்கள்" என்ற பதிலையே நான் அதிகம் கேட்டிருக்கிறேன்.

சட்டம் அப்படிப் பார்ப்பதில்லை. 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்க புலமைச் சொத்துச் சட்டப்படி, களவுப் பிரதி என்று தெரிந்தும் வர்த்தக இலாபத்துக்காக ஒரு மென்பொருளைப் பாவிப்பது குற்றமாகும். தண்டனை 5 இலட்சம் ரூபா வரை அபராதம், அல்லது 6 மாதம் வரை சிறை, அல்லது இரண்டும்.

சட்டத்தை விட அருகில் இருக்கும் ஆபத்து வேறு. கிராக்கை நிறுவும்போது அண்டிவைரஸை நிறுத்தச் சொல்வார்கள். பூட்டைக் கழற்றிவிட்டுத் திருடனை அழைப்பது போன்றது அது. கோப்புகளைப் பூட்டிப் பணம் கேட்கும் "ஸ்டொப்" என்ற ரான்சம்வெயார் இந்த வழியாகவே உலகெங்கும் பரவியது. வாடிக்கையாளரின் படங்கள் ஒரே இரவில் போய்விட்டால் யார் பொறுப்பு?

வளைகுடா செல்லும் இளைஞர்கள் இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். ஓட்டோடெஸ்க் மென்பொருட்கள் தமது பிரதி அசலா என்பதை இணையம் வழியாகச் சோதிக்கின்றன. சொந்த மடிகணனியில் உள்ள களவுப் பிரதியை வேலைத்தளத்தில் திறந்தால், சிக்கல் தொழில் வழங்குநரையும் சேர்ந்து தாக்கும்.

விலை பெரும் சுமை என்பதை நான் மறுக்கவில்லை. சந்தா டொலரில், 2022இல் அந்த டொலரே 200 ரூபாவிலிருந்து 360 ரூபா வரை ஏறியது. ஆனால் வழி இல்லாமல் இல்லை. மாணவர்களுக்கு ஓட்டோடெஸ்க் இலவசமாகவே தருகிறது. ஆண்டுதோறும் புதுப்பிக்கலாம், கூலி வேலைக்குப் பாவிக்கக் கூடாது. இருபரிமாணப் படங்களுக்கு லிப்ரேகேட், முப்பரிமாணத்துக்கு 2024 நவம்பரில் 1.0 பதிப்பைக் கண்ட ஃப்ரீகேட், நில வரைபடத்துக்கு கியூஜிஐஎஸ், மெட்லெப் இடத்தில் ஒக்டேவ் என அனைத்தும் இலவசம். இலவசமானவற்றில் டிடபிள்யூஜி கோப்புகளைக் கையாள்வது சிரமம் என்பது உண்மை. அது அன்றாடத் தேவையானவர்கள், ஒருமுறை வாங்கி நிரந்தரமாக வைத்துக்கொள்ளக் கூடிய பிரிக்ஸ்கேட் போன்றவற்றைப் பார்க்கலாம். முழு ஓட்டோகேட்டை விட மலிவான எல்டி பதிப்பும் உண்டு.

மாற்றம் தொடங்க வேண்டிய இடம் பயிற்சி நிலையங்கள் என்பேன். கட்டணம் வாங்கிக்கொண்டு கிராக்கைப் பென்டிரைவில் கொடுத்தனுப்பும் நிலையம் தொழிலோடு குற்றத்தையும் சேர்த்தே கற்பிக்கிறது. பிள்ளையைச் சேர்க்க முன், "உங்கள் மென்பொருளுக்கு லைசன்ஸ் இருக்கிறதா?" என்று பெற்றோர் ஒரு கேள்வி கேட்டாலே பாதி மாறும்.