விலை கொடுத்தோம், உரிமை எங்கே?

ஏற்காட்டுக் காப்பித் தோட்டத்தில், லைன் வீட்டில் வளர்ந்தவன் நான். தலைமுறைகளாகக் குடியிருந்தாலும் லைன் வீடு நம் பெயருக்கு வராது. வேலை போனால் வீடும் போகும். 1951-ஆம் ஆண்டின் தோட்டத் தொழிலாளர் சட்டம் முதலாளியை வீடு தரச் சொன்னது. சொந்தமாக்கித் தரச் சொல்லவில்லை. உரிமைக்கும் அனுமதிக்கும் உள்ள தூரத்தை எங்களுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

வீடியோ கேம் சந்தையில் இன்று நமக்கு விற்கப்படுவதும் அனுமதிதான். 2014-இல் வெளியான 'தி க்ரூ' என்ற கார் பந்தய விளையாட்டின் சர்வர்களை யுபிசாஃப்ட் நிறுவனம் 2024 மார்ச் 31 அன்று நிறுத்தியது. காசு கொடுத்து வாங்கியவர்கள் அதைத் தனியாகக்கூட ஆட முடியாமல் போனது. விளையாட்டுதானே என்று விட முடியாது. 2009-இல் அமேசான், வாசகர்கள் வாங்கியிருந்த ஆர்வெல்லின் '1984' நாவலை அவர்களுடைய கிண்டில் கருவிகளிலிருந்தே அழித்தது. விற்றவருக்குப் பதிப்புரிமை இல்லை என்று காரணம் சொன்னது. பணத்தைத் திருப்பித் தந்தது. ஆனால் நம் அலமாரிக்குள் கைவிட அதற்கு முடிகிறது என்பதே செய்தி.

"கிராக் பண்ணிக்கலாம் தோழர்" என்கிறார்கள் இளைஞர்கள். 1985-இல் நார்வேயில் தொடங்கிய ரேசர் 1911 முதல் இன்றுவரை பூட்டுடைக்கும் குழுக்கள் பல. அவர்கள் மீது எனக்குக் கோபமில்லை. 2021-இல் 'ரெசிடென்ட் ஈவில் வில்லேஜ்' காசு கொடுத்தவர்களின் கணினியில் திக்கித் திணறியது. பூட்டுடைத்த நகலோ சீராக ஓடியது. மழைக்கு டவர் போனால், ஒற்றை ஆளாக ஆடும் விளையாட்டும் இணையச் சரிபார்ப்பு கேட்டு நின்றுவிடுவது எங்கள் மலையில் வாடிக்கை. பூட்டு தண்டிப்பது வாங்கியவரைத்தான்.

ஆனாலும் கிராக் நமக்கு விடுதலை தராது. அந்த நகலில் வைரஸ் ஒளிந்திருக்கலாம். நாலு பேர் சேர்ந்து உருவாக்கிய சிறிய விளையாட்டின் வருமானமும் அதனால் போகும். எல்லாவற்றுக்கும் மேலாக, அது ஒளிந்து அனுபவிப்பது. 1927-இல் மகாடு குளத்தில் அம்பேத்கர் இருட்டில் நீர் மொண்டு வரவில்லை. ஆயிரக்கணக்கானோருடன் பட்டப்பகலில் சென்று குடித்தார். தீண்டாமைக் கொடுமையையும் கேம் பூட்டையும் நான் ஒரே தராசில் வைக்கவில்லை. உரிமையை வெளிப்படையாகக் கோர வேண்டும் என்ற பாடத்தை மட்டும் எடுத்துக்கொள்கிறேன்.

கோருவதற்குச் சட்டத்திலேயே இடமிருக்கிறது. பதிப்புரிமைச் சட்டத்தில் 2012-இல் சேர்த்த 65ஏ பிரிவு, பதிப்புரிமையை மீறும் நோக்கத்தோடு பூட்டை உடைத்தால் இரண்டாண்டு வரை சிறை என்கிறது. அச்சட்டம் தடுக்காத நோக்கத்துக்காக உடைப்பதை அது குற்றமாக்கவில்லை. முறையாக வாங்கிய மென்பொருளுக்குக் காப்பு நகல் எடுக்க 52-ஆம் பிரிவு அனுமதிக்கிறது. இதைத் தெரிந்துவைத்திருப்பவர்கள் நம்மில் எத்தனை பேர்?

கலிபோர்னியாவில் 2025 முதல், உரிமம் மட்டும் விற்கும் கடை அதைத் தெளிவாகச் சொல்லாமல் 'வாங்கு' என்று போட முடியாது. கைவிடப்படும் விளையாட்டுகளை ஆடும் நிலையில் விட்டுச்செல்ல வேண்டும் என்று ஐரோப்பாவில் பத்து லட்சத்துக்கும் மேற்பட்டோர் கையெழுத்திட்டிருக்கிறார்கள். இவ்விரண்டையும் இங்கே நாம் கேட்க வேண்டும்.

நிலமும் நீரும் எழுத்தும் நம் முன்னோருக்கு அடுத்தவர் தயவில்தான் கிடைத்தன. இன்று நம் பிள்ளைகளின் பாடமும் வேலையும் திரைக்குள் போய்க்கொண்டிருக்கின்றன. அங்கேயும் அவர்கள் தயவில் வாழக் கூடாது.