கிராமத்துக்குக் காவலாளி எதற்கு?

மணிலா மாநகரின் மக்காத்திப் பகுதியில் பெருஞ்செல்வர் வாழும் மதில் சூழ்ந்த குடியிருப்புகளுக்கு 'வில்லேஜ்' என்று பெயர். தாஸ்மரின்யாஸ் வில்லேஜ், பெல்-ஏர் வில்லேஜ், சான் லொரென்ஸோ வில்லேஜ் எனப் பட்டியல் நீளும். வாயிலில் காவலர் நிற்பார்; வருகிறவரின் ஓட்டுநர் உரிமத்தை வாங்கி வைத்துக்கொண்டு சீட்டுக் கொடுத்து உள்ளே விடுவார். இத்தகைய இடத்தைக் கிராமம் என்று எந்த அகராதி சொல்கிறது? சொற்களோடு பிழைப்பு நடத்தும் நம்மால் இதைச் சும்மா விட முடியவில்லை.

இவற்றுள் மூத்தது ஃபோர்ப்ஸ் பார்க். 1945இல் நடந்த போரில் மணிலா தரைமட்டமானது. ஏறத்தாழ ஒரு லட்சம் குடிமக்கள் மாண்டனர். பழைய நகரின் செல்வர்கள் புதிய மண் தேடினார்கள். 1851இல் ரோஹாஸ் குடும்பம் வாங்கி, பின்னர் அயாலா குடும்பத்தின் கைக்கு வந்த பெரும் பண்ணை நிலம் அவர்களுக்காகக் கூறு போடப்பட்டது. 1946இல் நாடு விடுதலை பெற்றது. 1940களின் இறுதியில் எழுந்த இக்குடியிருப்புக்கோ, 1909 முதல் 1913 வரை ஆண்ட அமெரிக்க ஆளுநர் வில்லியம் காமரான் ஃபோர்ப்ஸின் பெயர். அவர் தொடங்கிய போலோ கழகமும் அங்கேதான் இருக்கிறது. ஊடே செல்லும் சாலைக்குப் பிலிப்பைன்ஸைக் கைப்பற்றிய அதிபர் மக்கின்லியின் பெயர். கொடி இறங்கிற்று, பெயர்ப்பலகை இறங்கவில்லை.

"அவர்கள் பணம், அவர்கள் நிலம், அவர்கள் மதில், உங்களுக்கு என்ன?" என்று நண்பர்கள் கேட்கக்கூடும். நியாயமான கேள்விதான். வீட்டுக்குக் கதவு வைப்பதை நாம் குறை சொல்லவில்லை. தெருவுக்குக் கதவு வைப்பதைத்தான் சொல்கிறோம். வீடு ஒருவருக்கு உரியது. தெரு, நடப்பவர் எல்லாருக்கும் உரியது. நகரம் என்ற ஏற்பாடே இந்த வேறுபாட்டின்மீதுதான் நிற்கிறது.

இந்த வழக்கு நீதிமன்றமும் ஏறியிருக்கிறது. 1977இல் பெல்-ஏர் வில்லேஜின் ஜூபிடர் தெருவில் இருந்த வாயிற்கதவுகளை மக்காத்தி நகராட்சி பெயர்த்தெறிந்தது. குடியிருப்போர் வழக்காடினார்கள். 1988 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் நகராட்சியின் பக்கம் நின்றது. அதே வில்லேஜின் நெப்டியூன் தெருவை 1996இல் போக்குவரத்துக்குத் திறக்கப் பெருநகர மணிலா வளர்ச்சி ஆணையம் முயன்றபோது தீர்ப்பு மாறியது. அத்தெரு சங்கத்தின் சொத்து. திறக்க ஆணையிடும் அதிகாரம் ஆணையத்துக்கு இல்லை. சட்டம் இயற்றும் உள்ளாட்சி மன்றத்துக்கே உண்டு என்று 2000 மார்ச்சில் நீதிமன்றம் கூறிற்று. சட்டத்தின்படி அது சரியாகவே இருக்கலாம். நாம் கவனிக்க வேண்டியது வேறு. தெருவைத் திறக்கும் அதிகாரம் மக்கள் தேர்ந்தெடுத்த மன்றத்திடம் இருக்கிறது என்பதை அத்தீர்ப்பே ஒப்புக்கொள்கிறது. ஆகவே பூட்டிய தெரு இயற்கையின் நியதியன்று. பூட்டியே இருக்கட்டும் என்று அன்றாடம் எடுக்கப்படும் முடிவு. அதன் விலையை எட்சா நெடுஞ்சாலையின் நெரிசலில் பேருந்துக்குள் நிற்பவர் தருகிறார்.

அந்த வாயிலில் நாள்தோறும் நுழையும் ஏழைகளும் உண்டு. சமையற்காரர், தோட்டக்காரர், குழந்தை பார்ப்பவர். வீட்டுப் பணியாளருக்கான 2013ஆம் ஆண்டுச் சட்டம் இவர்களைக் 'கசம்பஹாய்' என்கிறது. வீட்டில் உடனிருப்பவர் என்று பொருள். எவ்வளவு அழகிய சொல்! மெய்யான கிராமத்தை விட்டு வந்த பெண், 'கிராமம்' என்னும் பெயருள்ள இடத்துக்குள் அடையாள அட்டையைக் காட்டி நுழைகிறாள். சொல் உறவு பேசுகிறது; வாயில் உண்மை பேசுகிறது.

2022இல் மறைந்த பிலிப்பைன்ஸ் நாவலாசிரியர் எஃப். சியோனில் ஹோசே தம் புனைவுகளில் இத்தகைய குடியிருப்புக்குப் 'போப்ரெஸ் பார்க்' என்று பெயரிட்டார். போப்ரெஸ் என்றால் ஏழைகள். ஒரே ஒரு சொல்லைத் திருப்பிப்போட்டு, நூறு கட்டுரைகள் செய்ய முடியாததை அவர் செய்தார்.

இதைப் படித்துவிட்டு மணிலாவை மட்டும் நாம் ஏளனம் செய்வது நேர்மையாகாது. சோழர் கல்வெட்டுகளில் கம்மாணச்சேரி, பறைச்சேரி என்று குடியிருப்புகள் தனித்தனியே குறிக்கப்படுகின்றன. குடியிருப்பு என்னும் பொதுப்பொருள் தந்த 'சேரி' என்ற சொல், காலப்போக்கில் ஒதுக்கப்பட்டோரின் இடத்துக்கு மட்டும் உரியதாகச் சுருங்கியது. வேலியின் இலக்கணம் நமக்குப் புதிதன்று. அங்கே பொதுச்சொல் ஒன்று செல்வரின் மதிலுக்குள் போயிற்று. இங்கே பொதுச்சொல் ஒன்று வேலிக்கு வெளியே தள்ளப்பட்டது. சொல்லைப் பறிகொடுக்கும் சமூகம் அடுத்துத் தெருவையும் பறிகொடுக்கும். மதிலை இடிக்க நம் கையில் கடப்பாரை இல்லை. அதைக் கிராமம் என்று அழைக்க மறுக்கவாவது நம்மால் முடியும்.